தொடையில் விழும் உதை

"தலையில் உதை வாங்கியவர் சாய்வது புரிகிறது, தொடையில் வாங்கிய நூறு கிலோ ஆள் ஏன் எழ முடியாமல் கிடக்கிறார்?" என்று பழைய கே-1 போட்டிகளைப் பார்த்த வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்.

செய்டோகைக்கான் கராத்தேயை நிறுவிய கசுயோஷி இஷி 1993இல் தோக்கியோவில் தொடங்கிய கே-1, கராத்தே, முய் தாய் (தாய்லாந்துக் குத்துச்சண்டை), கிக்பாக்சிங் வீரர்களை ஒரே மேடையில் மோதவிட்டது. எட்டுப் பேர், ஒரே இரவு, வெல்பவருக்கு மூன்று சண்டைகள். 1996ஆம் ஆண்டு யோக்கோஹாமாவில் நடந்த இறுதிப் போட்டியில், தம்மைவிட உயரமும் எடையும் மிகுந்த மைக் பெர்னார்டோவைச் சுவிட்சர்லாந்தின் ஆண்டி ஹுக் வீழ்த்தியது தொடையை நோக்கிச் சுழன்று வந்த குதிகாலால்தான்.

உதையின் விசை இடுப்பின் சுழற்சியில் பிறந்து தொடை வழியாகக் கீழ்க்காலை அடைகிறது. ஒவ்வொரு மூட்டிலும் வேகம் கூடுவதைப் பள்ளி இயற்பியல் அறிந்தவர்கள் ஊகித்துக்கொள்ளலாம். எனக்கு வியப்பளிப்பது உதை விழுந்த பிறகு உள்ளே நடப்பது. தொடையின் முன்புறமும் வெளிப்புறமும் பரவியுள்ள நாற்றலைத் தசை பெரும்பகுதி நீரால் ஆனது, எளிதில் அமுங்காது. வெளியே எதிராளியின் கால் எலும்பு, உள்ளே தம் தொடையெலும்பு என இரண்டுக்கும் நடுவே அம்மியில் சிக்கியதைப் போல அது நசுங்குகிறது. அதனால் தோலில் சிவப்பு மட்டுமே தெரியும்போதே எலும்பை ஒட்டிய ஆழத்தில் இழைகள் கிழிந்து, நுண்குழாய்கள் உடைந்து, குருதி கசியத் தொடங்கியிருக்கும்.

சற்றே மடங்கிய முழங்காலோடு நிற்கும் வீரரின் உடல் எடையைத் தாங்குவது இந்தத் தசைதான். நசுங்கிய இடத்திலிருந்து வலிச் செய்தி தண்டுவடத்தை எட்டியதும், மூளையின் அனுமதிக்குக் காத்திராமல், அத்தசையை இயக்கும் நரம்பணுக்களின் முடுக்கம் அங்கேயே தணிக்கப்படுகிறது. நிற்க வேண்டும் என்ற உறுதி மனத்தில் எவ்வளவு இருந்தாலும் கட்டளை தசைக்கு முழுமையாகப் போய்ச் சேர்வதில்லை, முழங்கால் மடிகிறது. விழுந்தவரைக் கோழை என்று ஏசும் வர்ணனையாளர்கள் இதை அறிந்துகொள்வது நல்லது.

தற்காப்பு எளிது: காலைத் தூக்கிக் கீழ்க்காலின் முன்னெலும்பைக் காட்டினால் உதைத்தவருக்கே வலிக்கும். ஆனால் எடை முழுவதும் அக்காலில் இருக்கும்போது அதைத் தூக்க முடியாது. நான்கு முறை பட்டம் வென்ற நெதர்லாந்தின் எர்னெஸ்டோ ஹூஸ்ட் இதையே தம் தொழிலாக்கினார். முகத்தை நோக்கி அடுத்தடுத்துக் குத்துகளை விட்டு, எதிராளி கைகளை உயர்த்திக் காலைத் தரையில் ஊன்றிய அந்தக் கணத்தில் உதைப்பார். ஊன்றிய கால் விலகிக்கொடுக்காது. விசை அதிகம் வீணாகாது.

முன்னெலும்பில் புட்டியை உருட்டினால் நரம்பு செத்து வலி தெரியாமல் போகும் என்று இன்றும் பயிற்சிக்கூடங்களில் சொல்கிறார்கள். அது வெறும் நம்பிக்கை. தாங்கும் சுமைக்கேற்ப எலும்பு தன்னைத் திருத்திக்கொள்கிறது என்று ஜெர்மானிய மருத்துவர் யூலியஸ் வோல்ஃப் 19ஆம் நூற்றாண்டிலேயே விளக்கிவிட்டார்; கனமான பையை ஆண்டுக்கணக்கில் உதைப்பவரின் எலும்பு உறுதிப்படுவது அவ்வழியில்தான் விளங்கும். வலி குறைந்து தெரிவதோ மூளை அதற்குப் பழகுவதால்.

ஒரே இரவில் மூன்று சண்டைகள் என்ற அமைப்பு இந்த உதைக்குத் தனி மதிப்பைக் கொடுத்தது. தாடையில் வாங்கிய குத்தின் மயக்கம் சில நிமிடங்களில் தெளிந்துவிடக்கூடும். தொடைக்குள் கசிந்த குருதியோ ஓய்வறையில் உட்கார்ந்திருக்கும்போதும் வீங்கிக்கொண்டே போகும், தசை விறைக்கும், முழங்கால் மடங்கும் அளவு குறையும். காலிறுதியில் வாங்கிய கடனுக்கான வட்டியை, அந்த உதையைக் கொடுத்தவரிடம் அல்ல, இறுதிப் போட்டியில் எதிரே நிற்கும் வேறொருவரிடம் கட்ட வேண்டியிருந்தது.