கண்காணிப்பு வேண்டாம், பார்த்திருப்பு போதும்

நார்வே இயக்குநர் மார்கிரேத் ஊலின் 2017இல் எடுத்த 'பார்ன்டொம்' படத்தை ஒரு திரையிடல் அறிவிப்பில் 'கண்காணிப்பு ஆவணப்படம்' என்று போட்டிருந்தார்கள். இந்தச் சொல்லை எத்தனையோ முறை பார்த்துவிட்டேன். ஆனால் மழலையர் பள்ளிப் பிள்ளைகளோடு ஓராண்டு இருந்து, அவர்கள் விளையாட்டை விளையாட்டாகவே காட்டும் படத்துக்குமா இது? மனசு ஆறவில்லை.

ஆங்கில மூலச்சொல் அப்சர்வேஷனல் (observational). லத்தீன் 'அப்செர்வாரே'யிலிருந்து வந்தது. 1960களில் தோளில் தூக்கும் கேமராவும் கூடவே ஒலியைப் பதியும் கருவியும் கைக்கு வந்ததும் இந்தப் பாணி பரவியது. பேட்டி எடுப்பதில்லை, 'இன்னொரு முறை செய்யுங்க' என்று கேட்பதில்லை. நடப்பதை நடக்கவிட்டுப் படம் பிடிப்பார்கள்.

சரி, கண்காணிப்பில் என்ன தப்பு? அது மேலே நின்று பார்க்கும் பார்வை. தேர்வறைக் கண்காணிப்பாளர் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றால் தெரிந்த விடையும் மறந்துபோகும். கடைவாசலில் 'கண்காணிப்பு கேமரா உள்ளது' என்று எழுதி வைப்பதே பயமுறுத்தத்தான். இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலும் மலாயா ரப்பர் தோட்டத்திலும் ஆட்களை வேலை வாங்கிய கங்காணி இதே சொல்லின் வழிவந்தவர். அந்த நிழல் விழுந்தால் எந்தக் குழந்தை தன்னை மறந்து விளையாடும்?

'அப்செர்வாரே'க்குள் இருக்கும் லத்தீன் 'செர்வாரே' என்றால் காத்தல்தானே, அப்போ காவல் பொருள் சரிதானே என்று ஒரு நண்பர் வாதாடினார். காத்தல்தான். ஆனால் தமிழில் 'கா'விலிருந்து காவலும் வருகிறது, காத்திருப்பும் வருகிறது. இந்தப் பாணிக்குப் பொருந்துவது இரண்டாவது கிளை. அகராதியில் முதலில் கண்ணில் பட்டதை எடுத்து ஒட்டிவிடுகிற மொழிபெயர்ப்பாளர்களுக்கு இந்த வேறுபாடு தெரிவதே இல்லை. படத்தைப் பார்த்துவிட்டு எழுதினாலே பாதி தப்பு குறைந்துவிடும்.

'உற்றுநோக்கல்' பாடநூலில் நன்றாக இருக்கிறது. ஆனால் பூச்சியைக் கண்ணாடிக்கடியில் வைத்துப் பார்க்கிற மாதிரி. ஈழத்து எழுத்தில் பழகிய 'அவதானிப்பு' எவ்வளவோ மேல், கவனம் என்ற பொருள் அதில் இருக்கிறது. வடமொழி வேர் என்பதால் மட்டும் நான் அதைத் தள்ளவில்லை. பொறுமை அதில் இல்லை, அதுதான் குறை.

நான் பரிந்துரைப்பது 'பார்த்திருப்பு'. 'வழி பார்த்திருந்தேன்' என்றால் பார்த்தேன் என்றும் காத்திருந்தேன் என்றும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறோம். மழையை நம்பிய நிலத்தை வானம் பார்த்த பூமி என்கிறோமே, அந்தப் பார்வையும் காத்திருப்பதுதான். ஒரு குழந்தை தானாக அடுத்த அடி எடுத்து வைக்கும்வரை கேமராவோடு பக்கத்தில் உட்கார்ந்திருப்பவருக்கு இதைவிடப் பொருத்தமாக எனக்குத் தோன்றவில்லை. இனி பார்த்திருப்பு ஆவணப்படம் என்றே எழுதப்போகிறேன். இதைவிட நல்ல சொல் இருந்தால் சொல்லுங்கள், மாற்றிக்கொள்கிறேன். கண்காணிப்பு மட்டும் வேண்டாம்.