கல்லுக்குப் பெயின்ட் அடிக்காதீர்கள், தயவுசெய்து

மழைக்கு முன்னால் மறுபடியும் அதே அழைப்பு. மும்பை ஃபோர்ட் பகுதியில் ஒரு பழைய கல் கட்டடம், சொசைட்டி செயலாளர் நம்மவர். "சார், சுவரெல்லாம் ஓதம். போன வருஷம்தான் கல் சந்தெல்லாம் சிமெண்ட் வைத்து அடைத்தோம், மேலே வாட்டர்ப்ரூஃப் பெயின்டும் அடித்தோம். அப்படியும் நிற்கவில்லை." எப்படி நிற்கும்? அடைத்ததுதானே வினை!

பழைய கட்டடங்களைப் பழுது பார்ப்பது என் தொழில். இப்படிக் கேட்பவர்களை, பெயின்ட் அடிக்காத கல் சுவரைப் பார்த்து வரச் சொல்லி, ஃபோர்ட்டை ஒட்டிய காலா கோடாவில் இருக்கும் சத்ரபதி சிவாஜி மகாராஜ் வாஸ்து சங்கிரகாலயா என்ற அருங்காட்சியகத்துக்கு அனுப்பிவிடுவேன். 1998இல் பெயர் மாறியும் தமிழர்கள் நிறைந்த மாட்டுங்காவின் மாமாக்களுக்கு அது இன்னமும் பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் மியூசியம்தான். பின்னாளில் ஐந்தாம் ஜார்ஜ் ஆன இளவரசர் 1905 நவம்பர் 11 அன்று அடிக்கல் நாட்டினார். போட்டி வைத்து, 1909இல் ஜார்ஜ் விட்டெட்டிடம் வேலையைக் கொடுத்தார்கள். கேட்வே ஆஃப் இந்தியாவும் அவர் கைவண்ணம்தான். கட்டடம் 1914 வாக்கில் முடிந்தது, ஆனால் உலகப் போர் வந்துவிட்டது. அருங்காட்சியகமாகும் முன்பே ராணுவ மருத்துவமனையாகவும் குழந்தைகள் நல மையமாகவும் உழைத்துவிட்டு, 1922 ஜனவரி 10 அன்றுதான் மக்களுக்குத் திறந்தது.

வெளிச்சுவரைக் கிட்டப் போய்ப் பாருங்கள். மஞ்சள் சாயலில் இருப்பது மலாடு கல், சாம்பல் நிறம் குர்லா கருங்கல். "இந்த மஞ்சளை வருஷா வருஷம் யார் சார் அடிக்கிறார்கள்?" என்று கேட்டவர்களும் உண்டு. யாரும் அடிக்கவில்லை, கல்லின் நிறமே அதுதான்.

இப்போது என்னை அதிகம் எரிச்சலூட்டும் விஷயத்துக்கு வருகிறேன். "சிமெண்ட்தானே சார் ஸ்ட்ராங்கு?" ஸ்ட்ராங்குதான், அதுதான் பிரச்சினையே. அந்தக் காலக் கல் சுவர்களில் பெரும்பாலும் இருப்பது சுண்ணாம்புச் சாந்து. கட்டை விரலால் அழுத்தித் தேய்த்தால் மாவாக உதிரும். கொத்தனார் அதைக் காட்டி "மக்கிப்போச்சு" என்பார், கமிட்டியும் பயந்துபோகும். சந்து கல்லைவிட மெத்தென்றுதான் இருக்க வேண்டும். சுவருக்குள் போன ஈரம் அது வழியாக வெளியே வரும், உப்பும் அங்கேயே பூக்கும். தேயவேண்டியது சாந்து, தேய்ந்தால் மாற்றிக்கொள்ளலாம். சிமெண்ட் வைத்தால் சந்து அசையாது, ஈரமும் உப்பும் கல் வழியாக வெளியேறப் பார்க்கும், சாந்துக்குப் பதில் கல் தேயும். மேலே பெயின்டும் அடித்தால் அந்த வழியும் போச்சு. இரண்டு மழை கழித்து பெயின்ட் தோலாக உரியும். அதன் முதுகைத் திருப்பிப் பாருங்கள், கல்லின் மேற்பரப்பு செதில் செதிலாக ஒட்டிக்கொண்டு வரும்.

சரி, என்ன செய்வது? சந்தில் சுண்ணாம்புச் சாந்தே வையுங்கள், அது தெரிந்த கொத்தனாரைத் தேடிப் பிடியுங்கள். கட்டடம் பாரம்பரியப் பட்டியலில் இருந்தால் அனுமதி வாங்காமல் கரண்டியைத் தொடாதீர்கள். இந்த அருங்காட்சியகம் அந்தப் பட்டியலில் முதல் கிரேடு, அதாவது உச்ச தரம். மும்பையில் இந்த விதிமுறை 1995இலிருந்தே இருக்கிறது, "எங்களுக்குத் தெரியாதே" என்று இனியும் சொல்லாதீர்கள். அடித்த பெயின்டை எடுக்க சாண்ட் பிளாஸ்டிங் (மணலை வேகமாகப் பீய்ச்சிச் சுரண்டுவது) என்று கொட்டேஷன் வந்தால் கையெழுத்துப் போடவேண்டாம், கெஞ்சிக் கேட்கிறேன். மலாடு கல் இப்போது லேசில் கிடைக்காது.

அதற்கெல்லாம் முன்னால் மொட்டை மாடிக்குப் போங்கள். மழைநீர்க் குழாயில் இலை அடைத்திருக்கிறதா, விரிசலில் அரசங்கன்று முளைத்திருக்கிறதா என்று பாருங்கள். ஓதம் என்று என்னைக் கூப்பிடும் பல வீடுகளில் வேலை அங்கேயே முடிந்துவிடுகிறது.