பிரெஸ்பிட்டரி: மூப்பர் மன்றம்

கிரேக்க மொழியில் 'பிரெஸ்பிஸ்' என்பது முதியவரையும், அதிலிருந்து வந்த 'பிரெஸ்பிட்டரோஸ்' என்பது மூத்தவரையும் குறிக்கும். மூத்தோர் கூட்டத்துக்கு வழங்கிய 'பிரெஸ்பிட்டரியோன்' என்ற சொல்லே இலத்தீன் வழியாக 'பிரெஸ்பிட்டரி' ஆயிற்று. குருவைக் குறிக்கும் 'பிரீஸ்ட்' என்ற ஆங்கிலச் சொல்லும் இதே வேரில் கிளைத்தது. ஆயர், குரு என்ற படிநிலையை மறுத்தெழுந்து, மூப்பர் கூட்டங்களால் ஆளப்படும் பிரெஸ்பிட்டேரியன் சபையாருக்கு இது சற்றே சங்கடமான உறவுதான்.

தமிழ் விவிலியத்தில் 'பிரெஸ்பிட்டரோஸ்' என்பதற்கு 'மூப்பர்' என்ற சொல் நிலைத்துவிட்டது. கூட்டத்தைக் குறிக்கும் சொல், தீமோத்தேயுவுக்கு எழுதிய முதல் நிருபத்தின் 4ஆம் அதிகாரத்தில், 'மூப்பராகிய சங்கத்தார்' என்று பெயர்க்கப்பட்டுள்ளது. அவர்கள் தீமோத்தேயுவின்மேல் கைகளை வைத்து அவரை ஊழியத்துக்கு ஏற்படுத்துகிறார்கள்.

ஆனால் இச்சபை வேரூன்றிய ஸ்காட்லாந்தின் வரலாற்றைப் படிக்கும்போது 'சங்கம்' என்ற பெயர்ப்பு போதாமற்போகிறது. ஊர்ச் சபையின் மூப்பர் கூட்டம், பல சபைகளுக்குப் பொதுவான பிரெஸ்பிட்டரி, அதற்கு மேல் பல பிரெஸ்பிட்டரிகளை உள்ளடக்கிய சினாடு, உச்சியில் பொதுப்பேரவை ஆகிய நான்கையும் அந்நாட்டார் சபையின் 'கோர்ட்டுகள்' என்றே வழங்கினர். போதகர்மீதான குற்றச்சாட்டை விசாரித்துத் தண்டிக்கவும், பதவியிலிருந்து நீக்கவும் பிரெஸ்பிட்டரிக்கு அதிகாரம் இருந்தது. ஆகவே அரசின் நீதிமன்றத்தோடு அது மோதியபோது, மோதியவை இரண்டு நீதிமன்றங்கள்.

அந்த மோதல் ஆக்டரார்டர் என்ற ஊரில் மூண்டது. 1712ஆம் ஆண்டுச் சட்டப்படி, போதகரை முன்மொழியும் உரிமை பெரும்பாலும் நிலக்கிழார்களான புரவலர்களின் கையில் இருந்தது. சபையின் குடும்பத் தலைவர்களில் பெரும்பான்மையோர் மறுத்தால் அந்தப் போதகரை ஏற்க வேண்டியதில்லை என்று 1834இல் பொதுப்பேரவை விதி செய்தது. அதே ஆண்டில் கின்னூல் பிரபு முன்மொழிந்த ராபர்ட் யங் என்பவரை, 330 குடும்பத் தலைவர்களில் 280க்கும் மேற்பட்டோர் மறுக்க, பிரெஸ்பிட்டரியும் அவரைத் தள்ளியது. பிரபுவும் யங்கும் வழக்குத் தொடுத்தனர். 1838இல் ஸ்காட்லாந்தின் உச்ச உரிமையியல் நீதிமன்றமான செஷன் நீதிமன்றம் 8க்கு 5 என்ற கணக்கில் பிரெஸ்பிட்டரியின் செயல் சட்டவிரோதம் என்றது. மறு ஆண்டு, மேல்முறையீட்டை விசாரித்த பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் பிரபுக்கள் சபையும் அதை உறுதிசெய்தது. போதகருக்குரிய ஊதியமும் வீடும் யாருக்கு என்று அரசு தீர்ப்பதைத் திருச்சபை மறுக்கவில்லை. ஒருவர்மேல் கை வைக்கும்படி மூப்பர்களை நீதிபதி கட்டாயப்படுத்தலாமா என்பதே அதன் கேள்வி. இதேபோன்ற வேறொரு வழக்கில், நீதிமன்றத்தின் தடையாணையை மீறி ஒருவருக்குக் கைவைத்த டன்கெல்டு பிரெஸ்பிட்டரி, 1839இல் நீதிபதிகள் முன் நிறுத்தப்பட்டுக் கண்டிக்கப்பட்டது.

இந்தத் தலையீட்டை ஏற்க மறுத்து, 1843 மே 18 அன்று, எடின்பரோவில் கூடிய பொதுப்பேரவையிலிருந்து ஒரு பெரும் பிரிவினர் வெளியேறினர். ஆலயத்தையும் ஊதியத்தையும் துறந்து 450க்கும் மேற்பட்ட போதகர்கள், வெளியேறியோர் அமைத்த சுயாதீன சபையில் (Free Church) சேர்ந்தனர். 1837இல் சென்னையில் பள்ளி தொடங்கிய ஜான் ஆண்டர்சனும் அவர்களோடு நின்றார். பிற்காலத்துச் சென்னைக் கிறித்தவக் கல்லூரிக்கு வித்து அந்தப் பள்ளியே.

கூடுமிடத்துக்கும் வழக்குத் தீர்க்குமிடத்துக்கும் ஒருசேரப் பொருந்தும் 'மன்றம்' தமிழில் இருப்பதால், 'மூப்பர் மன்றம்' என்பதே தக்க பெயர். தென்னிந்தியத் திருச்சபையில் 'பிரெஸ்பிட்டர்' என்றால் போதகர் என்பதை வைத்து 'போதகர் மன்றம்' என்று எழுதுவது பிழையாகும்; போதகரல்லாத மூப்பர்களும் அதில் அமர்ந்து வாக்களிப்பவர்கள்.