அப்ரண்டிஸ்: தொழிற்பழகுநர்

ஐ.டி.ஐ. முடித்த பையனிடம் அடுத்து என்ன என்று கேட்டால், "அப்ரண்டிஸ் போட்டிருக்கேன்ணே" என்பான். தொழிற்பழகுநர் என்ற சொல் அவன் வாயில் வராது. அது வேலைவாய்ப்பு முகாம் அறிவிப்பிலும் ஆட்சியர் அலுவலகச் செய்திக்குறிப்பிலும்தான் நடமாடுகிறது. ஆனால் நல்ல சொல்.

முதலில் பொருளைப் பார்த்துவிடுவோம். ஒரு நிறுவனத்தோடு ஒப்பந்தம் போட்டு, அங்கே வேலை செய்துகொண்டே அதை முறைப்படி கற்று, மாதாமாதம் ஒரு தொகையும் வாங்குபவர் அப்ரண்டிஸ். வேலை, படிப்பு, பணம் என மூன்றும் இருக்க வேண்டும். இந்தியாவில் இதற்கென 1961-ஆம் ஆண்டின் சட்டம் ஒன்று உண்டு. ரயில்வேயில் 'ஆக்ட் அப்ரண்டிஸ்' என்று சொல்வது அந்தச் சட்டத்தின்படி சேர்ந்தவரைத்தான். பெரம்பூரில் ரயில் பெட்டி செய்யும் ஐ.சி.எஃப். தொழிற்சாலையில் பத்தாம் வகுப்பு முடித்து நேராக வருகிறவர் 'ஃபிரஷர்', ஐ.டி.ஐ. படித்து வருகிறவர் 'எக்ஸ் ஐ.டி.ஐ.'. ஃபிட்டர், வெல்டர் என்று ஏதாவது ஒரு டிரேடில், அதாவது தொழிற்பிரிவில், சேர்வார்கள். பயிற்சி முடிந்து தேர்வில் தேறினால் என்.ஏ.சி. என்ற தேசியத் தொழிற்பழகுநர் சான்றிதழ் கிடைக்கும். ஐ.டி.ஐ. படிப்புக்குக் கிடைப்பது என்.டி.சி. என்ற தேசியத் தொழிற்சான்றிதழ்; இரண்டும் வேறு. விண்ணப்பத்தில் ஒன்றின் இடத்தில் மற்றொன்றை இணைத்துவிட்டுத் தவிப்பவர்கள் உண்டு.

இனி, சொல்லின் பூர்வீகம். பழைய பிரெஞ்சில் 'அப்ராந்த்ர்' என்றால் கற்றுக்கொள்வது. அதற்கும் மூலம் லத்தீனில், 'பற்றிப் பிடி' என்ற பொருளில் இருக்கிறது. ஒரு விஷயம் புரிந்தால் நாம் 'பிடிபட்டது' என்கிறோம் அல்லவா, அதே தடம்தான். இங்கிலாந்தில் 1563-ஆம் ஆண்டுச் சட்டம், ஏழு ஆண்டுகள் அப்ரண்டிஸாக இருந்தால்தான் ஒரு கைத்தொழிலைச் செய்யலாம் என்று விதித்தது. 1814-இல்தான் அந்த விதி நீங்கியது.

இந்தச் சொல்லுக்கு ஒரு கறையும் உண்டு. பிரிட்டிஷ் காலனிகளில் அடிமை முறையை ஒழித்த 1833-ஆம் ஆண்டுச் சட்டம், விடுதலையான அடிமைகளுக்கு 'அப்ரண்டிஸ்' என்றே பெயர் வைத்தது. பெயர்தான் மாறியது, பழைய எஜமானிடமே கூலியில்லாமல் உழைக்க வேண்டியிருந்தது. கரும்பு வெட்டிப் பழகிய கைக்கு அங்கே கற்க என்ன இருந்தது? கரீபியன் தீவுகளில் 1838-இல் அந்த ஏற்பாடு கைவிடப்பட்டது. பிறகு, அந்தக் கரும்புத் தோட்டங்கள் பலவற்றுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறியவர்களில் தமிழர்களும் இருந்தார்கள்.

சரி, தமிழுக்கு வருவோம். பலர் கைக்கு வந்தபடி 'பயிற்சியாளர்' என்று எழுதிவிடுகிறார்கள். கிரிக்கெட் அணிக்குப் பயிற்சி கொடுப்பவரும் பயிற்சியாளர், வெல்டிங் கற்க வந்த பையனும் பயிற்சியாளர் என்றால் யார் யாருக்குச் சொல்லிக்கொடுப்பது? இலங்கையில் 'பயிலுநர்' என்பார்கள், அதில் குழப்பமில்லை. என்றாலும் என் ஓட்டு 'பழகுநர்' பக்கம்தான். பயில்வதைப் புத்தகத்தை வைத்துக்கொண்டும் செய்யலாம். பழகுவதற்குக் கை வேண்டும். சைக்கிள் பழகுகிறோம், நீச்சல் பழகுகிறோம், 'சித்திரமும் கைப்பழக்கம்' என்கிறோம். திரும்பத் திரும்பச் செய்து கைக்குள் கொண்டுவருவது என்ற பொருள் அந்த வினையிலேயே இருக்கிறது. வண்டி ஓட்டக் கற்பவருக்குப் 'பழகுநர் உரிமம்' ஏற்கெனவே இருப்பதால், இங்கே முன்னால் 'தொழில்' சேர்க்க வேண்டியதாகிறது. தொழில் + பழகுநர் = தொழிற்பழகுநர். ஓட்டுநர், நடத்துநர் போல 'நர்'தான், 'பழகுனர்' வேண்டாம்.

எனக்கு உறுத்துவது பக்கத்தில் நிற்கும் இன்னொரு சொல். அப்ரண்டிஸுக்கு மாதாமாதம் தரும் 'ஸ்டைபண்ட்' என்பதை எல்லா அறிவிப்பிலும் 'உதவித்தொகை' என்றே போடுகிறார்கள். 2019-இல் திருத்திய விதிகளின்படி அது பத்தாம் வகுப்புக்குக் குறைந்தது மாதம் 6,000 ரூபாய், ஐ.டி.ஐ.க்கு 7,000, டிப்ளமோவுக்கு 8,000, பட்டதாரிக்கு 9,000 என்று இருந்தது. முதியோருக்குத் தருவதும் உதவித்தொகை, எட்டு மணி நேரம் பட்டறையில் நிற்பவருக்குத் தருவதும் உதவித்தொகையா? லத்தீனில் அந்தச் சொல் படைவீரரின் சம்பளத்தைக் குறித்தது. இரக்கப்பட்டுக் கொடுத்தது அல்ல.

'சம்பளம்' என்று எழுதவும் சட்டம் இடம் தராது. தொழிற்பழகுநர் பயிற்சி பெறுபவரே, தொழிலாளி அல்லர் என்று 1961-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 18-ஆம் பிரிவு சொல்கிறது. அதனால் பி.எஃப்., போனஸ் என்று எதுவும் கேட்க முடியாது. அப்புறம் என்னதான் சொல்வது? பஞ்சப்படி, பயணப்படி இருக்கும்போது 'பயிற்சிப்படி' என்று எழுதினால் போதும். சட்டத்தோடும் மோதாது, கையேந்தி வாங்கியது போலவும் இருக்காது.