ஹாட்லைன்: தமிழில் எப்படிச் சொல்வது?

இரு நாட்டுத் தலைவர்கள் 'ஹாட்லைனில் பேசினார்கள்' என்று செய்தியில் படித்ததுமே மேசைமேல் இருக்கும் ஒரு சிவப்புத் தொலைபேசிதான் மனதில் வருகிறது. தமிழிலும் சிலர் 'நேரடித் தொலைபேசி' என்றே எழுதுகிறார்கள். ஆனால் இந்தச் சொல்லை உலகம் முழுக்கப் பரப்பிய வாஷிங்டன்-மாஸ்கோ இணைப்பில் தொலைபேசியே கிடையாது. 1963இல் தொடங்கும்போது அது முழுக்க முழுக்க எழுத்துவழித் தொடர்பு.

ஆங்கிலத்தில் 'ஹாட்' என்றால் சூடு. மின்சாரம் ஓடிக்கொண்டிருக்கும் கம்பியையும் அப்படிச் சொல்வார்கள். எண் சுழற்றாமல், நடுவில் ஒருவர் இணைத்துக் கொடுக்காமல், எந்நேரமும் தயாராக இருக்கும் இணைப்புக்கு 1950களிலேயே இந்தப் பெயர் வந்துவிட்டது. ரஷ்யர்கள் அதைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்து 'கர்யாச்சயா லீனியா' என்கிறார்கள்.

இந்த இணைப்பு ஏன் தேவைப்பட்டது? 1962 அக்டோபரில் கியூபாவில் சோவியத் யூனியன் அணு ஏவுகணைகளை வைத்ததால் அமெரிக்காவோடு மூண்ட கியூபா ஏவுகணை நெருக்கடி. அக்டோபர் 26 அன்று சோவியத் தலைவர் குருஷேவ் அமெரிக்க அதிபர் கென்னடிக்கு எழுதிய நீண்ட கடிதம் மாஸ்கோவில் அமெரிக்கத் தூதரகத்தின் கைக்கு வந்து, மொழிபெயர்த்து, சங்கேதமாக்கி, முழுவதும் வாஷிங்டன் போய்ச் சேர ஏறக்குறைய 12 மணி நேரம் ஆனது. வாஷிங்டனில் இருந்த சோவியத் தூதர் தோப்ரினின் அனுப்பவேண்டிய அவசரத் தந்தியை வாங்கிப்போக, தந்தி நிறுவனத்து ஆள் ஒருவர் சைக்கிளில் வருவார். உலகமே எரிந்து போகுமோ என்றிருந்த அந்த நாள்களில் செய்தி போன வேகம் அதுதான்! 28ஆம் தேதி, ஏவுகணைகளைத் திரும்பப் பெறும் முடிவைக் குருஷேவ் மாஸ்கோ வானொலியிலேயே படிக்கச் சொல்லிவிட்டார். அதுதான் விரைவான வழியாக இருந்தது.

அடுத்த ஆண்டு ஜூன் 20 அன்று ஜெனீவாவில் உடன்பாடு கையெழுத்தானது. அதன் தலைப்பில் இருப்பது 'நேரடித் தகவல்தொடர்பு இணைப்பு' என்ற பெயர்தான். ஆகஸ்ட் 30 முதல் லண்டன், கோபன்ஹேகன், ஸ்டாக்ஹோம், ஹெல்சிங்கி வழியாகக் கம்பி வேலை செய்யத் தொடங்கியது. இரு முனையிலும் டெலிபிரிண்டர்கள், அதாவது ஒரு முனையில் தட்டச்சு செய்ததை மறுமுனையில் அச்சிடும் கருவிகள். அவரவர் தம் மொழியிலேயே அனுப்புவார்கள். வாங்குகிறவர் மொழிபெயர்த்துக்கொள்ள வேண்டும். அமெரிக்கா அனுப்பிய முதல் சோதனைச் செய்தி, டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் போனவர்கள் எல்லாருக்கும் தெரிந்த வாக்கியம்: பழுப்பு நரி சோம்பேறி நாயைத் தாண்டிக் குதித்த கதை. ஆங்கில எழுத்து 26உம் சரியாக விழுகிறதா என்று பார்க்க அதைவிடப் பொருத்தமான வாக்கியம் ஏது?

குரலை விட்டு எழுத்தைத் தேர்ந்தெடுத்ததில்தான் விவேகம் இருக்கிறது. பேச்சில் கோபம் தொனிக்கும்; அவசரத்தில் மொழிபெயர்ப்பாளர் ஒரு சொல்லைத் தவறவிடலாம். எழுதினால் ஆற அமர யோசித்து, நாலு பேரைக் கலந்து பதில் சொல்லலாம். அணு ஆயுதம் வைத்திருப்பவர்களுக்கு அந்தச் சில நிமிட நிதானம் பெரிய விஷயம். 1967 ஜூனில் அரபு-இஸ்ரேல் போர் மூண்டபோது சோவியத் பிரதமர் கோசிகின் இந்த வழியில்தான் அமெரிக்க அதிபர் ஜான்சனைத் தொடர்புகொண்டார்.

சரி, தமிழுக்கு வருவோம். 'சுடுதொடர்பு' என்று பெயர்த்தால் யாருக்கும் எதுவும் விளங்காது. சூடு நம் மொழியில் கோபத்தைத்தான் நினைவூட்டும். 'நேரடித் தொடர்பு' மிகப் பொதுவான சொல். யாரும் யாரோடும் வைத்துக்கொள்ளலாம். அவசரத்துக்காகவே ஒதுக்கி வைத்தது என்ற பொருளும் வரவேண்டும். என் தேர்வு 'அவசர நேரடி இணைப்பு'. தலைப்புச் செய்திக்குக் கொஞ்சம் நீளம்தான், ஆனால் பொருள் பிசகாது. பொதுமக்கள் அழைக்கும் 'ஹாட்லைன்' வேறு. அதற்கு 'உதவி எண்' என்ற நல்ல சொல் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது.

இந்தியா, பாகிஸ்தான் ராணுவ நடவடிக்கைத் தலைமை இயக்குநர்களுக்கு இடையே இருப்பது உண்மையிலேயே பேசும் இணைப்பு. 2025 மே 10 அன்று சண்டையை நிறுத்த அவர்கள் தொலைபேசியில்தான் பேசினார்கள். அங்கே 'நேரடித் தொலைபேசி' என்று எழுதுவதில் தவறில்லை.