தனிமனிதன் எங்கிருந்து வந்தான்?

"ஆளாளுக்கு உரிமை, சுதந்திரம் என்று கிளம்பினால் சமூகம் சிதறாதா?" என்ற புலம்பல் நமக்குப் பழக்கமானதுதான். 1898-ல் பிரான்சில் இதைப் பெரிதாகப் புலம்பியவர் புருனெத்தியேர் என்ற இலக்கிய விமர்சகர். அதே ஆண்டு ஜூலையில் சமூகவியலாளர் எமில் துர்க்கைம் எழுதிய பதில் கட்டுரை, கேள்வியையே தலைகீழாகப் புரட்டிப்போட்டது.

சண்டைக்குக் காரணம் டிரைஃபஸ் வழக்கு. டிரைஃபஸ், ஜெர்மனிக்கு ரகசியம் விற்றதாகப் பழி சுமத்தப்பட்ட யூத ராணுவ கேப்டன். 1895 ஜனவரி 5-ம் தேதி, பாரிஸ் ராணுவப் பள்ளி முற்றத்தில், படைகள் வரிசையாக நிற்க, அவருடைய சீருடைச் சின்னங்களைப் பிய்த்தெறிந்து வாளை இரண்டாக முறித்தார்கள். உண்மைக் குற்றவாளி வேறொருவர் என்று பிறகு தெரிந்தும் ராணுவம் மசியவில்லை. டிரைஃபஸுக்காகக் குரல் கொடுத்த படித்தவர்களைத்தான் புருனெத்தியேர் சாடினார்: தங்கள் சொந்த அறிவை ராணுவத்துக்கும் மேலாக நினைக்கிறார்களாம்.

சரி, துர்க்கைம் என்ன சொன்னார்? 1893-லேயே அவர் ஒரு விளக்கம் வைத்திருந்தார். எல்லோரும் ஒரே வேலை செய்து, ஒரே சாமியைக் கும்பிடும் சின்னச் சமூகத்தில் ஒட்டவைக்கும் பசை, ஒருவரைப் போலவே இன்னொருவர் இருப்பதுதான். மக்கள்தொகை பெருகி நெருக்கம் கூடினால் போட்டியும் கூடும், அதைச் சமாளிக்க ஆளுக்கொரு தொழிலாகப் பிரிந்துபோவார்கள், அப்புறம் ரொட்டி சுடுகிறவருக்கும் அச்சுக் கோக்கிறவருக்கும் எண்ணத்திலும் பழக்கத்திலும் பொதுவானது குறைந்துகொண்டே வரும். இதிலிருந்துதான் 1898 கட்டுரை மேலே போகிறது. கடைசியில் மிஞ்சும் பொது அம்சம் ஒன்றே ஒன்று: இருவரும் மனிதர்கள். அதனால் அதுவே புனிதமாகிவிடுகிறது. முன்பின் பார்த்திராத டிரைஃபஸுக்காக ஒருவர் கொதிப்பது, கோயிலில் அசுத்தம் செய்தால் பக்தர் கொதிப்பதைப் போலத்தான். இதில் சுயநலம் எங்கே? தனிமனித உரிமை என்பதே சமூகம் வளர்ந்து பெற்ற பிள்ளை. அதை உடைத்தால் மிச்சமிருக்கும் பசையும் போய்விடும்.

எனக்கு இதில் ஒரு நெருடல் உண்டு. அந்த முற்றத்துக்கு வெளியே "யூதர்களுக்குச் சாவு" என்று கத்திய கூட்டமும் அதே நவீன பிரான்ஸ்தானே? துர்க்கைமுக்கும் இது உறைக்காமல் இல்லை; அவரே ஒரு யூத மதகுருவின் மகன். 1899-ல் இதற்குத் தனியாகப் பதில் எழுதினார்: சமூகம் வலியில் இருக்கும்போது பழிபோட ஓர் ஆளைத் தேடும், ஏற்கெனவே பலருக்கு ஆகாதவர்கள்தான் முதலில் அகப்படுவார்கள்.