வேலியை ஒரு அடி தள்ளினால்

யாழ்ப்பாணத்தில் எல்லைக் கதியால் (வேலிக்கு நடும் கிளைத்தடி) ஒரு சாண் நகர்ந்தாலே சண்டை வரும். ஒரு அடி நகர்ந்தால் கோடு கச்சேரி (நீதிமன்றம்) வரை போகும். அந்த ஊரில் வளர்ந்தும், ஒன்பதாம் வகுப்பில் (ப + 1)² = ப² + 1 என்று எழுதிப் பிழை வாங்கியவன் நான்.

தெரியாத அளவைக் குறிக்கும் எழுத்து எதுவாகவும் இருக்கலாம். 1637இல் பிரெஞ்சுக் கணிதர் தேக்கார்ட் எக்ஸ் என்றார். 12ஆம் நூற்றாண்டு இந்தியக் கணிதர் பாஸ்கரர் நிறங்களின் பெயர்களைச் சுருக்கி 'கா', 'நீ' என்று வைத்துக்கொண்டார். நமக்குப் பக்கம் என்பதற்கு 'ப' போதும்.

சரி, பக்கம் ப அடி கொண்ட சதுரமான வெங்காயத் தறை (தோட்டத் துண்டு) ஒன்று. சுற்றி அடைக்க ப + ப + ப + ப, அதாவது 4ப அடி வேலி. நீளத்தோடு நீளத்தைக் கூட்டினால் வருவதும் நீளம்தான்; முன்னால் நிற்கும் எண், அதாவது குணகம், மட்டும் கூடும். பெருக்கினால் கதை வேறு. ப × ப நீளமல்ல, நிலம்: ப² சதுர அடி. அதனால்தான் ப²உம் 4பஉம் நிகராத உறுப்புகள். பக்கத்தில் பக்கத்தில் நிற்கும், ஒன்றாகாது.

இப்போது கிழக்கு வேலியையும் வடக்கு வேலியையும் ஒவ்வொரு அடி வெளியே தள்ளுவோம் (அயலவர் பார்க்காத நேரமாக). கிழக்கே ப அடி நீளமும் ஒரு அடி அகலமுமான கீற்று ஒன்று சேரும். வடக்கே அதேபோல் இன்னொன்று. வடகிழக்கு மூலையில் ஒரு சதுர அடித் துண்டு.

(ப + 1)² = ப² + ப + ப + 1 = ப² + 2ப + 1

பக்கம் 100 அடி என்றால் ஆதாயம் 201 சதுர அடி. என் விடைப்படி மூலைத் துண்டு மட்டும்தான், 1 சதுர அடி. அதற்கு யார் கோடு ஏறுவார்கள்?

ஒரு பக்கம் 3 அடி, மற்றப் பக்கம் 2 அடி தள்ளினாலும் படம் அதேதான். (ப + 3)(ப + 2) என்ற நிலம் ப², 3ப, 2ப, 6 என நாலு துண்டு. ஓர் அடைப்பிலுள்ள ஒவ்வோர் உறுப்பாலும் மற்ற அடைப்பிலுள்ள ஒவ்வோர் உறுப்பையும் பெருக்கு என்ற விதி, இந்த நாலில் ஒன்றையும் விடாமல் எண்ணுவதற்குத்தான். கீற்றுகள் இரண்டும் நிகர்த்தவை, கூட்டலாம்: ப² + 5ப + 6.

அயலவர் சும்மா இருப்பாரா? அதே இரண்டு வேலிகளையும் ஒவ்வொரு அடி உள்ளே தள்ளிவிட்டார் என்று வையுங்கள். மிச்சம் (ப − 1)², விரித்தால் ப² − 2ப + 1. நிலம் பறிபோகிற இடத்தில் கடைசியில் ஏன் ஒரு கூட்டல்? இரண்டு கீற்றுகளையும் முழு நீளத்துக்குக் கழிக்கும்போது மூலைத் துண்டு இரண்டிலும் அகப்படுகிறது. போனது ஒருமுறை, கழித்தது இருமுறை. ஒன்றைத் திருப்பிச் சேர்த்தால் 100 அடித் தறையில் 10,000 − 200 + 1 = 9,801 சதுர அடி மிஞ்சும்.